எல்லை தாண்டிய தகப்பனார்

சென்ற மாதத்தில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை. நாம் காப்பி சாப்பிட்டுவிட்டு, பத்தாம் வகுப்புப் பையன்களின் விடைத்தாள் கட்டை அவிழ்ப்பதா, அல்லது இன்னும் ஒரு மணி நேரம் அதைப் பாராதது போல் இருப்பதா என்று யோசித்துக்கொண்டிருந்தோம். அந்தச் சமயத்தில் வாசலில் செருப்புச் சத்தம் கேட்டது. வந்தவர் நமது ஊர் அரிசி மண்டிக்காரர். அவருடைய புதல்வன் நம்மிடம் ஐந்து வருஷம் படித்தவன். படிப்பில் சுமார், பள்ளிக்கூட ஆண்டு விழா நாடகத்தில் மட்டும் சூரன். அவன் பாலிடெக்னிக் முடித்துக் கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையில் ஒரு தொழிற்சாலையில் அமர்ந்து மூன்று வருஷமாகச் சம்பளம் வாங்கி வந்தான். ஊரில் அவனுக்குப் பெண் கொடுக்க இரண்டு இடத்தில் யோசனை கூட நடந்தது.

"ஸார், பையன் சம்பளமில்லாத லீவு போட்டுவிட்டு வடபழனியில் சுற்றுகிறான். நீங்கள் ஒரு வார்த்தை சொன்னால் கேட்பான்" என்றார் அவர்.

ஸினிமாவில் சேருவதற்கா என்று கேட்டோம். ஆமாம் என்று தலையை ஆட்டினார். பிறகு அவர் சொன்னதுதான் நம்மைச் சற்றுச் சுருக்கென்று தைத்தது. "கதாநாயகன் ஆகிறேன் என்று போனாலாவது, பைத்தியம் பிடித்தாலும் பெரிய பைத்தியம் என்று விட்டுவிடலாம். இவன், 'அண்ணன் வேஷம், மாமா வேஷம் கிடைத்தால் போதும்' என்கிறான், ஸார்! பின்னால் நிற்கிற உத்தியோகத்துக்கு இவ்வளவு ஆசையா?"

வந்தவரை, "பையனை அனுப்புங்கள், பேசுகிறோம்" என்று சொல்லி அனுப்பிவைத்தோம். ஆனால் 'பின்னால் நிற்கிற உத்தியோகம்' என்ற சொல் மட்டும் போகாமல் நமது திண்ணையிலேயே உட்கார்ந்துகொண்டது. விடைத்தாள் கட்டும் அவிழவில்லை.

நமது ஊராகிய ஆரம்பாக்கத்தைப் பற்றி வாசகர்களுக்கு இரண்டு வார்த்தை சொல்ல வேண்டும். சென்னையிலிருந்து வடக்கே போகும் ரயில் பாதையில், தமிழ்நாட்டின் கடைசி ஸ்டேஷன் எங்களுடையது. அடுத்த ஸ்டேஷன் தடா. அங்கே ஆந்திரம் ஆரம்பமாகிவிடும். பெயர்ப் பலகைகளில் எழுத்து உருண்டுவிடும். பெட்டிக்கடையில் கேட்கும் பாஷையும் மாறிவிடும். மாறிவிடும் என்று பேச்சுக்குச் சொல்லுகிறோமே தவிர, உண்மையில் எங்கள் ஊரில் இரண்டு பாஷையும் ஒரே வாயில்தான் குடியிருக்கின்றன. தெலுங்கில் ஆரம்பித்துத் தமிழில் முடிகிற சண்டைகளை நாம் தினந்தோறும் வகுப்பறையில் தீர்த்துவைக்கிறோம். 1953-ஆம் வருஷம் அக்டோபர் மாதம் முதல் தேதி ஆந்திர ராஜ்யம் தனியாகப் பிரிந்தபோது, பூகோளப் படத்தில் எங்களுக்கு வடக்கே ஒரு கோடு விழுந்தது. அதுவரை அது செங்கற்பட்டு ஜில்லாவுக்கும் நெல்லூர் ஜில்லாவுக்கும் நடுவில் இருந்த கோடு. அதற்கப்புறம் அது ராஜ்யத்தின் எல்லை.

அந்தக் கோடு விழுந்த காலத்தையொட்டி, சென்னை வடபழனியில் இருந்த வாஹினி ஸ்டூடியோவில் வேடிக்கையான ஒரு வழக்கம் நடந்துவந்தது. நாகிரெட்டியும் சக்ரபாணியும் நடத்திய விஜயா கம்பெனியார் ஒரே கதையைத் தெலுங்கில் ஒரு படமாகவும் தமிழில் ஒரு படமாகவும் எடுத்தார்கள். இக்காலத்தைப் போல ஒன்றை எடுத்துவிட்டு மற்றதற்குக் குரலை மட்டும் ஒட்டுகிற காரியமல்ல. தமிழ் வசனமும் பாட்டும் தஞ்சை ராமையாதாஸ் தனியாக எழுதுவார். காட்சிகளையும் தனித்தனியாகவே எடுப்பார்கள். 1955 ஜனவரியில் இவ்விதம் இரண்டு பாஷையிலும் வெளியான படம் ஒன்று உண்டு. தெலுங்கில் 'மிஸ்ஸம்மா', தமிழில் 'மிஸ்ஸியம்மா'. தெலுங்கில் கதாநாயகர் என். டி. ராமராவ், தமிழில் ஜெமினி கணேசன். தெலுங்கில் துப்பறிகிற பிள்ளையாண்டான் நாகேச்வரராவ், தமிழில் தங்கவேலு. கதாநாயகர் மாறினார், ஹாஸ்யம் மாறியது. ஆனால் அந்த வீட்டு ஜமீன்தார் மாறவில்லை. கோட்டுக்கு அந்தப் பக்கமும் இந்தப் பக்கமும் அதே பருத்த உடம்பு, அதே கனத்த குரல், அதே குறும்புச் சிரிப்பு. அவர்தாம் எஸ். வி. ரங்காராவ்.

இரண்டு வருஷம் கழித்து, 1957-ல், 'மாயாபஜார்' வந்தபோதும் இதே கதைதான். அபிமன்யுவாகத் தெலுங்கில் நாகேச்வரராவ், தமிழில் ஜெமினி கணேசன். கடோத்கசன் மட்டும் இரு பாஷைக்கும் ஒருவனே.

கதாநாயகர்களை எல்லையில் இறக்கிவிட்டு வேறு கதாநாயகர்களை ஏற்றிக்கொள்ள வேண்டியிருந்தது. பின்னால் நிற்கிறவரோ அதே டிக்கெட்டில் எல்லையைத் தாண்டிப் போய்க்கொண்டே இருந்தார். எல்லைக்காரர்களான எங்களுக்கு இது சின்ன விஷயமாகப் படவில்லை. அரிசி மண்டிக்காரருக்கு நாம் சொல்ல நினைத்த பதிலும் இங்கிருந்துதான் ஆரம்பமாகிறது.

ரங்காராவ் 1918-ஆம் வருஷம் ஜூலை மாதம் 3-ஆந் தேதி கிருஷ்ணா ஜில்லாவைச் சேர்ந்த நூஜிவீட்டில் பிறந்தவர். சென்னையிலும் ஆந்திரத்திலுமாகப் படித்துப் பட்டம் பெற்றார். தமிழ் உபநடிகர்களில் பெரும்பாலோர் பிள்ளைப் பிராயத்திலேயே பாய்ஸ் கம்பெனிகளில் சேர்ந்து, அடியும் உதையும் பட்டு, மேடையிலேயே வளர்ந்தவர்கள். ரங்காராவ் வந்த வழி வேறு. காகிநாடாவில் 'யங் மென்ஸ் ஹாப்பி கிளப்' என்று ஒரு சங்கம் இருந்தது. பிற்காலத்தில் பெரிய நட்சத்திரமாக விளங்கிய அஞ்சலி தேவி முதலியோர் வேஷம் கட்டிய இடம் அது. அந்தச் சங்கத்தின் நாடகங்களிலும், ஷேக்ஸ்பியர் நாடகங்களிலும் அவர் வேஷம் கட்டினார். ஆனால் ஜீவனத்துக்கு நாடகத்தை நம்பவில்லை. தீயணைப்புப் படையில் அதிகாரியாக வேலை பார்த்தார். நெருப்பை அணைக்கிற உத்தியோகம், கௌரவமானது, மாதம் பிறந்தால் சம்பளம் வரும்.

அதை விட்டுவிட்டு அவர் முதன்முதலில் ஸினிமாவுக்குப் போனது எதற்காகத் தெரியுமா? கதாநாயகனாக நடிப்பதற்கு! தெலுங்கு மஹாகவி அல்லஸானி பெத்தனாவின் மனு சரித்திரத்தில் பிரவரன் என்று ஓர் அழகன் வருகிறான். வரூதினி என்னும் தேவகன்னிகை அவனைக் கண்டு மயங்குகிறாள். அவனோ ஆசாரசீலன், திரும்பியும் பாராமல் போய்விடுகிறான். அந்தக் கதையை பி. வி. ராமானந்தம் 'வரூதினி' என்ற பெயரில் படமெடுத்தபோது, பிரவரனாக வந்தவர் நமது ரங்காராவ். வரூதினியைப் பிரவரன் திரும்பிப் பாராதது போலவே ஜனங்களும் அந்தப் படத்தைத் திரும்பிப் பார்க்கவில்லை.

படம் விழுந்தது, கதாநாயகரும் விழுந்தார். கூப்பிடுவார் யாருமில்லை. அவர் மறுபடியும் மூட்டை கட்டிக்கொண்டு ஜாம்ஷெட்பூருக்குப் போய், டாட்டா கம்பெனியில் வேலையில் அமர்ந்தார்.

இந்த இடத்தில் நாம் சற்று நின்று யோசித்ததுண்டு. முப்பது வயதை எட்டிக்கொண்டிருக்கும் ஒரு மனிதர்; பட்டதாரி; நல்ல கம்பெனியில் நிரந்தர வேலை. பெற்றவர்கள், பெண் கொடுத்தவர்கள், நம்மைப் போன்ற வாத்தியார்கள் எல்லோரும் சேர்ந்து, "அப்பாடா, பையனுக்குப் புத்தி வந்துவிட்டது" என்று பெருமூச்சு விடுகிற கட்டம். கதை இங்கே முடிந்திருந்தால் யாரும் அவரைக் குறை சொல்லியிருக்க மாட்டார்கள். ஆனால் சென்னையிலிருந்து மறுபடியும் அழைப்பு வந்தது. இந்தத் தடவை கதாநாயகன் வேஷம் என்று யாரும் ஆசை காட்டவில்லை. 1949-ல் வெளிவந்த 'மன தேசம்' என்ற படத்தில் ஒரு சின்ன வேஷம். என். டி. ராமராவ் என்னும் புதுப் பையன் ஒருவரும் அதே படத்தில்தான் முதன்முதலாகத் தலை காட்டினார். மறு வருஷம் விஜயாவின் முதற்படமான 'ஷாவுகாரு'. அதில் சுன்னம் ரங்கடு என்ற பேட்டை ரவுடி. அந்தப் படத்தில் அறிமுகமான ஜானகி அம்மைக்குப் படத்தின் பெயரே பட்டமாக ஒட்டிக்கொண்டு 'சௌகார் ஜானகி' ஆனது எல்லோருக்கும் தெரியும். ரவுடிக்கு ஒட்டிக்கொண்டது வேறு: அடுத்த படம்.

அந்த அடுத்த படம் 1951-ல் வந்த 'பாதாள பைரவி'. கே. வி. ரெட்டி டைரக்ட் செய்தது. தெலுங்கிலும் தமிழிலும் வெற்றிமுரசு கொட்டியது. 1952-ல் பம்பாயில் தொடங்கிய இந்தியாவின் முதல் சர்வதேசப் படவிழாவுக்கும் போயிற்று. தோட்டக்காரன் மகன் ராமுடுவாக ராமராவ். அவனைப் பலிகொடுத்து அற்புத விக்கிரகத்தை அடையப் பார்க்கும் நேபாள மந்திரவாதியாக ரங்காராவ். தாடியும், நீண்ட அங்கியும், ஒரு மாதிரி இழுத்து இழுத்துப் பேசுகிற பேச்சுமாக அந்த மந்திரவாதியைப் பார்க்கிறவர்கள், அவருக்கு அறுபது வயதுக்குக் குறையாது என்று சத்தியம் செய்வார்கள். அப்போது அவருக்கு நடந்தது முப்பத்து மூன்றாவது வயது.

மந்திரவாதியைத் தமிழ்நாட்டுக் குழந்தைகள் அறிந்தார்கள். பெரியவர்கள் அவரை வீட்டுக்குள் அழைத்துக்கொண்டது 'மிஸ்ஸியம்மா'வில்தான். இந்தப் படத்தின்மேல் நமக்குத் தொழில்முறைப் பாசம் ஒன்று உண்டென்பதை ஒப்புக்கொள்ள வேண்டும். கதையின் வித்து ஒரு பள்ளிக்கூட விளம்பரம். ஜமீன்தார் தமது ஊர்ப் பள்ளிக்கூடத்தில் ஆசிரியர்களாக இருக்க, கணவனும் மனைவியுமாக இரண்டு பட்டதாரிகள் வேண்டும் என்று கேட்கிறார். வேலையில்லாத ஒருவனும் வேலையில்லாத ஒருத்தியும் தம்பதி என்று பொய் சொல்லிக்கொண்டு போய்ச் சேருகிறார்கள். வாத்தியார்களைத் தமது வீட்டிலேயே குடிவைத்து, உபசாரம் செய்து, சம்பளமும் கொடுக்கிற பள்ளிக்கூட முதலாளியை நாம் படத்தில் மட்டுமே கண்டிருக்கிறோம். அந்த முதலாளிக்குத் திருவிழாக் கூட்டத்தில் தொலைந்துபோன மூத்த பெண் ஒருத்தி உண்டு. வேறு மதத்தில், வேறு பெயரோடு வளர்ந்து, இப்போது தமது வீட்டிலேயே வாத்தியாரம்மாவாக நிற்பவள்தான் அவள் என்று அவருக்குத் தெரியாது. வாய்விட்டுச் சிரிக்கவேண்டிய படம், சிரிக்கிறோம். ஆனால் அந்த வெள்ளை மனது ஜமீன்தார் ஒவ்வொரு முறையும் அந்தப் பெண்ணின்மேல் காரணம் தெரியாமல் பரிவு காட்டும்போது, சிரிப்பின் அடியில் வேறொன்று ஓடுகிறது. படம் முழுதும் அதை அவர் வார்த்தையால் சொல்வதில்லை.

இனி 'மாயாபஜார்'. கல்யாணச் சமையலை ஒற்றை ஆளாகத் தின்று தீர்க்கும் அந்தப் பாட்டைப் பற்றித் தமிழ் வீடுகளில் புதிதாகச் சொல்ல என்ன இருக்கிறது? திருச்சி லோகநாதன் பாட, லட்டுகள் தாமாகவே எழுந்து வந்து ரங்காராவின் வாய்க்குள் விழுகிற அந்தக் காட்சியைப் பார்த்துவிட்டு, "எனக்கும் லட்டு" என்று அழாத குழந்தை எங்கள் தெருவில் இல்லை. மார்க்கஸ் பார்ட்லியின் காமிராத் தந்திரத்துக்குப் புகழில் பாதி போகட்டும். இன்னொரு விஷயத்தை நமது வாசகர்கள் அடுத்த முறை பார்க்கும்போது கவனிக்க வேண்டும். கடோத்கசன் தன் மாயையால் மணப்பெண் வத்ஸலாவின் உருவத்தை எடுத்துக்கொள்கிறான். அப்போது திரையில் இருப்பவர் ஸாவித்திரி. ஆனால் அந்த ஸாவித்திரிக்குள் இருப்பது கடோத்கசன் அல்லவா? ஆகையால் அவர் காலை அகட்டி நடக்கிறார், தோளைக் குலுக்குகிறார், மார்பை நிமிர்த்துகிறார், கையில் கதை இல்லாமலே கதை இருப்பதுபோல் நிற்கிறார். யாரைப் பார்த்து நடக்கிறார்? ரங்காராவைப் பார்த்துத்தான்! உபநடிகர் ஒருவருடைய நடை அத்தனை தீர்மானமாக ஜனங்களின் மனத்தில் பதிந்திருந்ததால்தான், கதாநாயகி அதை வாங்கிப் போர்த்திக்கொள்ள முடிந்தது. போர்த்திக்கொண்டதும் ஜனங்கள் உடனே அடையாளம் கண்டு சிரித்தார்கள். 'பின்னால் நிற்கிறவர்' என்றால், இங்கே முன்னால் நிற்கிறவர் யார்?

அவருடைய தமிழைப் பற்றிச் சில ரஸிகர்கள் அப்போதும் இப்போதும் மூக்கைச் சுளிப்பதுண்டு. தெலுங்கு வாடை அடிக்கிறது என்பார்கள். அடிக்கத்தான் அடிக்கிறது. ஆனால் அவர் இரவல் குரலில் பேசவில்லை. சொந்தக் குரலில் பேசினார். எங்கள் ஊரில் பாதிப் பேருடைய தமிழ் அப்படித்தான் இருக்கும். சிறு வயதில் தூர்தர்சனில் ஞாயிற்றுக்கிழமை மாலைப் படங்களில் அவரைப் பார்த்தபோது, நமது தெருக்காரப் பெரியவர் யாரோ ஒருவர் சென்னைக்குப் போய் ஸினிமாவில் சேர்ந்துவிட்டார் என்றே நாம் எண்ணியிருந்தோம்.

1960-க்குப் பிறகு தமிழ்ப் படவுலகம் அவரை ஊரறிந்த தகப்பனாராக நியமித்துவிட்டது. 'படிக்காத மேதை'யில் சிவாஜி கணேசனை வளர்த்த ராவ் பகதூர். 'நானும் ஒரு பெண்'ணில் கறுப்பு நிறமுள்ள மருமகளை ஏற்க மனமில்லாத ஜமீன்தார். 'கை கொடுத்த தெய்வ'த்தில் ஸாவித்திரியின் தந்தை. 'எங்க வீட்டுப் பிள்ளை'யில் ஸரோஜா தேவியின் தந்தை. இந்தக் கடைசிப் படத்தில் ஒரு கணக்கு இருக்கிறது. வாத்தியாராகப் பிறந்துவிட்டதால் போடாமல் இருக்க முடியவில்லை. அதன் கதாநாயகர் எம். ஜி. ராமச்சந்திரன் பிறந்தது 1917 ஜனவரியில். கதாநாயகிக்குத் தகப்பனாரும், ஆகவே கதாநாயகருக்கு மாமனாருமாகிய ரங்காராவ் பிறந்தது 1918 ஜூலையில். மாப்பிள்ளையைவிட மாமனாருக்கு ஒன்றரை வயது குறைவு! 'படிக்காத மேதை'யில் அவருக்கு மனைவியாக வந்த கண்ணாம்பாவோ அவரைவிட ஏழு வயது மூத்தவர். படம் பார்த்த லக்ஷக்கணக்கான ஜனங்களில் ஒருவருக்காவது இது உறுத்தியதா? உறுத்தவில்லை என்பதுதான் அந்த மனிதரின் சாமர்த்தியம்.

'படிக்காத மேதை'யைப் பற்றி இன்னும் கொஞ்சம் சொல்லாமல் போக மனம் வரவில்லை. வங்காளத்தில் வெளிவந்த கதையைத் தழுவி பீம்சிங் டைரக்ட் செய்த படம். அநாதையான ரங்கன் படிப்பில்லாதவன், சூதுவாது அறியாதவன், அந்த வீட்டுக்கு உழைக்கிறவன். குடும்பம் நொடித்துப்போகிறது, பெற்ற பிள்ளைகளின் சாயம் வெளுக்கிறது, வளர்த்த பிள்ளையும் வீட்டை விட்டுப் போய்விடுகிறான். அப்போது அந்தப் பெரிய மனிதர் அவனை நினைத்து உருகுகிறார். அந்த இடத்துக்குப் படக்காரர்கள் புதுப் பாட்டு எழுதிக்கொள்ளவில்லை. கண்ணனைத் தமது சேவகனாகப் பாவித்து பாரதியார் பாடிய பாட்டை எடுத்து, கே. வி. மகாதேவன் இசையமைக்க, சீர்காழி கோவிந்தராஜனைப் பாடவைத்தார்கள்.

நாம் பாரதியாரை வகுப்பில் இருபது வருஷமாகச் சொல்லிக்கொடுக்கிறோம். அந்தப் பாட்டில் வரும் சேவகன் கடவுள் என்பதைப் பதவுரை, பொழிப்புரையோடு விளக்கியிருக்கிறோம். ஆனால் எஜமானன் யார்? அவன் எப்படிப்பட்டவன்? இது எந்த உரையிலும் இல்லை. கூலி கொடுத்து ஆள் வைத்துக்கொள்ள நினைத்தவன், வந்தவனிடம் தானே அடைக்கலமாகிவிட்டான் என்ற நாணமும் நன்றியும் கலந்த நிலைமை அது. அதை ரங்காராவின் முகத்தில் பார்த்த பிறகுதான் நமக்கே அர்த்தம் முழுதாக விளங்கிற்று. குரல் சீர்காழியுடையது, சொல் பாரதியாருடையது, யாரை நினைத்து உருகுகிறாரோ அந்தக் கதாநாயகர் எதிரில் இல்லை. இவ்வளவும் பிறருடையதாக இருக்க, அந்தக் காட்சி மட்டும் அவருடையதாக இருக்கிறது. இப்போது அந்தப் பாடம் வரும்போதெல்லாம் வகுப்பில் பையன்களுக்கு அந்தக் காட்சியைப் போட்டுக் காட்டிவிட்டுத்தான் உரை சொல்ல ஆரம்பிக்கிறோம். தலைமையாசிரியருக்கு இந்த ரகசியத்தை யாரும் சொல்ல வேண்டாம்.

தகப்பனார் வேஷத்துக்கு நடுவில் ராக்ஷஸ வேஷமும் அவரை விடவில்லை. 1963-ல் தெலுங்கில் வந்த 'நர்த்தனசாலா'வில் கீசகன். விராட பர்வத்துக் கதை. ராமராவ் பிருஹந்நளை, ஸாவித்திரி ஸைரந்திரி. 1964-ல் ஜகார்த்தாவில் ஆசிய-ஆப்பிரிக்க நாடுகளின் படவிழா நடந்தது. அங்கே சிறந்த நடிகருக்கான பரிசு அந்தப் படத்துக்கு வந்தது. யாருக்கு? அர்ஜுனனுக்கு அல்ல, நர்த்தனசாலையில் உதைபட்டுச் சாகிற கீசகனுக்கு! தெலுங்கோ மகாபாரதமோ தெரியாத தேசத்தார் கூடிப் பார்த்துக் கொடுத்த பரிசு அது. தெலுங்கர்கள் அவரை 'விச்வநட சக்ரவர்த்தி' என்று கொண்டாடினார்கள். 1967-ல் பக்த பிரஹ்லாதனின் தகப்பனார் ஹிரண்யகசிபுவாகவும் வந்தார். தகப்பனாரும் ராக்ஷஸரும் ஒருவராகவே இருக்கிற வேஷம் அகப்பட்டால் அவர் விடுவாரா?

டைரக்டராகவும் இரண்டு படம் எடுத்துப் பார்த்தார்: 1967-ல் 'சதரங்கம்', 1968-ல் 'பாந்தவ்யாலு'. பின்னது, கே. எஸ். கோபாலகிருஷ்ணன் தமிழில் எடுத்து ரங்காராவ் நடித்த 'கண் கண்ட தெய்வ'த்தின் தெலுங்கு உருவம். தமிழிலிருந்து தெலுங்குக்குத் தாமே சுமந்துகொண்டு போனார். அங்கே ஆந்திர சர்க்காரின் நந்தி பரிசும் கிடைத்தது.

1974-ஆம் வருஷம் ஜூலை மாதம் 18-ஆந் தேதி, சென்னையில், மாரடைப்பினால் அவர் காலமானார். ஐம்பத்தாறு வயது நிறைந்து பதினைந்து நாள். திரையில் எத்தனையோ பேரன் பேத்திகளை மடியில் வைத்துக் கொஞ்சியவர், தலை நரைத்த பிள்ளைகளுக்கெல்லாம் புத்தி சொன்னவர், தாம் உண்மையில் கிழவராக ஆகவேயில்லை. நாம் இந்தக் கணக்கை முதன்முதலில் போட்டுப் பார்த்த அன்று வெகு நேரம் பேச்சு வரவில்லை. 2013-ஆம் வருஷம், இந்திய ஸினிமாவின் நூற்றாண்டுக்காகத் தபால் இலாகா ஐம்பது பேருடைய முத்திரைகளை வெளியிட்டபோது, அவருடைய முகமும் அதில் இடம்பெற்றது. 2010-ல் தெலுங்கு 'மாயாபஜாரை' வர்ணம் பூசி மறுபடி திரையிட்டார்கள். எல்லைக்கு அந்தப் பக்கத்திலிருந்து பலகாரத்தோடு வந்த உறவினர்கள் அதைப் பற்றியே ஒரு வாரம் பேசினார்கள்.

இவ்வளவையும் நெஞ்சில் சேகரித்துக்கொண்டு, அரிசி மண்டிக்காரரின் புதல்வனுக்காகக் காத்திருந்தோம். புதன்கிழமை சாயங்காலம் வந்தான். கன்னத்தில் தாடி வளர்த்திருந்தான். பேச்சில் பழைய மரியாதை குறையவில்லை. "அப்பா சொல்லச் சொன்னதைச் சொல்லிவிடுங்கள், ஸார், பிறகு நான் ஒன்று கேட்கிறேன்" என்றான்.

சொன்னோம். ரங்காராவின் கதையைத்தான் சொன்னோம். சொல்லச் சொல்ல, அது எந்தக் கட்சிக்குச் சாட்சி சொல்கிறதென்று நமக்கே சந்தேகமாகிவிட்டது. தகப்பனாரின் கட்சிக்காக ஜாம்ஷெட்பூரைச் சொன்னால், அடுத்த மூச்சில் மந்திரவாதியையும் சொல்லவேண்டியிருக்கிறது. ஒரு ரங்காராவ் திரும்பி வந்தார் என்றால், கூப்பிடுவாரின்றி ஜாம்ஷெட்பூரிலேயே தங்கிவிட்ட பேர்கள் எத்தனையோ. அவர்களைப் பற்றி யாரும் பத்தி எழுதுவதில்லை. அதையும் ஒளிக்காமல் சொன்னோம். லீவு முடிவதற்குள் ஒரு வழி தெரியாவிட்டால் தொழிற்சாலைக்குத் திரும்பிவிட வேண்டும் என்று ஒரு வாக்குறுதியும் கேட்டோம். கொஞ்சம் தயங்கிவிட்டுக் கொடுத்தான்.

"இப்போது நீ கேள்" என்றோம்.

அவனுக்கு ஒரு வேஷம் கிடைத்திருக்கிறதாம். டெலிவிஷன் தொடரில் கதாநாயகிக்குத் தாய்மாமன். இரண்டு பாஷையிலும் எடுக்கிறார்கள். இவனுக்கு இரண்டும் சரளமாக வரும் என்பதால் தேர்ந்தெடுத்தார்களாம். நமக்கு மெய் சிலிர்த்தது. ஆனால் பையனுக்கு முகம் தொங்கிப்போயிருந்தது. "மாமாவுக்கு ஐம்பது வயது, ஸார். எனக்கு இருபத்தாறு. நரைமுடி வைத்துவிடுகிறார்கள், நடைதான் வரவில்லை. இங்கிருந்து கேட் வரைக்கும் நீங்கள் ஒரு தடவை நடந்து காட்டுகிறீர்களா? பார்த்துக்கொள்கிறேன்."

நமக்கு ஐம்பது ஆவதற்கு இன்னும் சில வருஷம் பாக்கி இருக்கிறது என்பதை அவனுக்கு எடுத்துச் சொன்னோம். பிறகு நடந்து காட்டினோம். உள்ளேயிருந்து நமது மனைவியும் புதல்வியும் சிரித்த சிரிப்பைப் பற்றி இங்கே எழுதுவதற்கில்லை.

அடுத்த ஞாயிற்றுக்கிழமை அரிசி மண்டிக்காரர் மறுபடியும் வந்தார். பையனிடம் பேசியதையும், வாக்குறுதியையும், ரங்காராவின் கதையையும் அவருக்கு விவரமாகச் சொன்னோம். ஜகார்த்தாப் பரிசுக்கு அவர் அசையவில்லை. தபால் முத்திரைக்கும் அசையவில்லை. ஜாம்ஷெட்பூர் என்றதும் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

"டாட்டா கம்பெனி உத்தியோகத்தையா விட்டார், ஸார்?"

"ஆமாம்."

அவர் வெகு நேரம் மௌனமாக இருந்தார். பிறகு எழுந்து, செருப்பை மாட்டிக்கொண்டு, கேட் வரைக்கும் போய், திரும்பி நின்றார்.

"பையனுடைய அந்த மாமா வேஷம் எந்தச் சானலில் வருமாம்? தெலுங்கிலா, தமிழிலா?"

"இரண்டிலும் வரும் என்கிறான்."

"எத்தனை மணிக்கு?" என்று கேட்டார் அவர்.